இருபத்து மூன்றாவது அடி

எங்கள் ஆலயத்தின் நூற்றாண்டு மலருக்குப் பதினோரு பேருடைய வாழ்க்கைக் குறிப்பை எழுதும் பொறுப்பு, சபைச் செயலாளர் என்பதால் என் தலையில் விழுந்தது. பத்துப் பேரை ஒரே வாரத்தில் எழுதி முடித்தேன். பதினொன்றாவது ஆளுக்கு ஐந்து மாதம் ஆயிற்று. அந்த ஆள் ஞானதாஸ். என் தங்கை மார்த்தாளின் புருஷன். நானே கையைப் பிடித்துக் கொடுத்த மாப்பிள்ளை.

என்னைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், பிறகு நீங்கள் குறைப்பட்டுக்கொள்ளக் கூடாது. என் பெயர் பீட்டர். மின்வாரியத்தில் முப்பத்து நான்கு வருஷம் மீட்டர் கணக்கெடுத்து ஓய்வு பெற்றவன். உத்திரமேரூரிலிருந்து திருப்புலிவனம் வரைக்கும் எந்த வீட்டு மீட்டர் எந்தச் சுவரில் இருக்கிறது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். அந்த வேலை எனக்குக் கற்றுக் கொடுத்தது ஒன்றுதான். சிரித்துப் பேசி உட்காரச் சொல்லி மோர் கொடுக்கிற வீட்டில்தான் கூரைக்குப் பின்னால் கரண்ட் திருடுகிற கொக்கி தொங்கும். அதனால் யார் மோர் கொடுத்தாலும் முதலில் அண்ணாந்து பார்ப்பேன், அப்புறம்தான் குடிப்பேன். என் மனைவி திலகா சொல்வாள்: "கர்த்தரே நேர்ல வந்து நின்னாலும் நீ ஆதார் கார்டு கேப்பய்யா." கேட்பேன்தான். தீர விசாரிப்பதே மெய் என்று பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்?

ஞானதாஸ் விஷயத்தில் நான் விசாரிக்க ஆரம்பித்து நாற்பது வருஷம் ஆகிறது.

அவர் எங்கள் காலனிக்காரர்தான். அப்பா அம்மா இரண்டு பேரும் ஊர்க்காரர்கள் நிலத்தில் கூலி வேலை செய்தவர்கள். காஞ்சிபுரத்தில் ஒரு மிஷன் பள்ளி விடுதியில் சேர்த்தார்கள். அங்கே ஒரு பழைய பியானோ இருந்ததாம். அதைத் துடைக்கிற வேலை அவருக்கு. கட்டை கட்டையாகத் துணியால் அழுத்தித் துடைத்தே வாசிக்கக் கற்றுக்கொண்டாராம், யாரும் சொல்லித் தரவில்லையாம். இந்தக் கதையை முதலில் கேட்டபோதே எனக்கு இடித்தது. தச்சன் வீட்டுப் பலகையைத் துடைத்தால் தச்சு வேலை வந்துவிடுமா?

பள்ளி முடிந்து வந்ததும் ஆலயத்தில் ஆர்மோனியம் வாசித்தார். இரண்டு பாட்டு ஒழுங்காகப் போகும். மூன்றாவது பாட்டில் சபை ஒரு பக்கம் போகும், பெட்டி ஒரு பக்கம் போகும். கேட்கிற மாதிரிதான் இருக்கும், ஆனால் எங்கே போகிறது, எப்போது திரும்பும் என்று யாருக்கும் தெரியாது. தாளம் போட்டுக்கொண்டிருந்த கைகளெல்லாம் அந்தரத்தில் நிற்கும். குடித்திருக்கிறாரோ என்று போதகருக்குச் சந்தேகம். வாயை ஊதச் சொல்லி மோந்து பார்க்கிற வேலையை என்னிடம் விட்டார். வாடை இல்லை. குடித்திருந்தால் கூட மன்னித்திருப்பேன். குடிக்காமல் ஒருவன் ஏன் இப்படி வாசிக்க வேண்டும் என்று எனக்குச் சந்தேகம் இரட்டிப்பாயிற்று.

அந்த ஆளைத்தான் கட்டுவேன் என்று மார்த்தாள் ஒற்றைக் காலில் நின்றாள். எண்பத்தாறில் கல்யாணம். உடனே சென்னைக்குப் போய்விட்டார்கள். அங்கே ஒரு பெரிய ஓட்டலில் சாப்பிடுகிறவர்களுக்கு பியானோ வாசித்தார். அங்கே வந்த ஒரு ஜெர்மன்காரர் இவர் வாசிப்பைக் கேட்டு, நீ வாசிப்பதுதான் ஃப்ரீ ஜாஸ் என்று சொன்னாராம். அப்படியென்றால் என்ன என்று மார்த்தாளிடம் கேட்டேன். "தாளம் கெடயாது, ராகம் கெடயாது, முன்னாடியே முடிவு பண்ணிக்கினு வாசிக்கிறது கெடயாது. ஒருத்தர ஒருத்தர் கேட்டுகினு, அந்த நேரத்துக்கு இன்னா தோணுதோ அத்த வாசிக்கிறது" என்றாள். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். அதற்கு இங்கிலீஷில் ஒரு பெயர் வைத்துவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

ஆறு மாதம் ஜெர்மனியில் வாசித்துவிட்டு வந்தார் என்று ஒரு போட்டோ காட்டினாள். நான்கு வெள்ளைக்காரர்கள் நடுவில் இவர் குல்லாய் போட்டுக்கொண்டு நிற்கிறார். நான் போட்டோவைத் திருப்பிப் பின்பக்கம் பார்த்தேன். தேதி இல்லை, ஊர் இல்லை. மகாபலிபுரம் போனால் எத்தனை வெள்ளைக்காரனோடு வேண்டுமானாலும் நிற்கலாம். மார்த்தாளிடம் அப்படியே சொன்னேன். அதோடு எனக்குப் போட்டோ காட்டுவதை அவள் நிறுத்திக்கொண்டாள்.

இந்த இடத்தில் எங்கள் காலனியின் வழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். யாராவது செத்தால், ஆலயத்துப் புளியமரத்தில் தொங்குகிற தண்டவாளத் துண்டை வயசுக்கு ஒரு அடி என்று அடிப்போம். ஒரு அடி அடித்து ஒலி முழுக்க அடங்கிய பிறகுதான் அடுத்த அடி. வயலில் வேலை செய்கிறவர்கள் குனிந்த தலை நிமிராமல் எண்ணுவார்கள். எழுபதைத் தாண்டினால் இன்னார்தான் என்று அவர்களே பெயர் சொல்லிவிடுவார்கள், கையில் இருக்கிற நாற்று முடிகிறவரைக்கும் நடவு நிற்காது. நாற்பதுக்குள் நின்றுவிட்டால் நாற்றைப் போட்டுவிட்டு ஓடி வருவார்கள்.

தொண்ணூற்று மூன்று ஜனவரியில், நவரை நடவு சமயத்தில், என் அம்மா சிட்டம்மாள் செத்துப் போனாள். காலை பத்து மணி. வழக்கமாக மணி அடிக்கிற முனியன் வாலாஜாபாத்தில் மகள் வீட்டுக்குப் போயிருந்தான். சம்மட்டியை நானே எடுத்தேன். உடம்பு சரியில்லை என்று கேட்டு முந்தின நாளே வந்துவிட்ட ஞானதாஸ் என் பக்கத்தில் வந்து நின்றார். இருபத்து மூன்று அடி அடித்தேன். கை நின்றுவிட்டது. சும்மாவே நின்றேன். அப்புறம் சம்மட்டி அடுத்தடுத்து இரண்டு தரம் பட்டுவிட்டது. அதற்கு மேல் எண்ணிக்கை தவறியதால் மறுபடி ஒன்றிலிருந்து ஆரம்பித்து அறுபத்து நான்கு அடித்து முடித்தேன். ஏன் நடுவில் நின்றாய் என்று கேட்டவர்களிடம், அழுகையில் கண் மறைத்துவிட்டது என்று சொன்னேன்.

வயலில் இருந்தவர்கள் இரண்டு சாவு என்று கணக்குப் போட்டுவிட்டார்கள். ஒன்று இருபத்தைந்து வயசு, ஒன்று அறுபத்து நான்கு. நடவில் இருந்த செவ்வந்தி என்பவளின் தம்பிக்கு அப்போது சரியாக இருபத்தைந்து. முழங்கால் சேற்றோடு மார்பில் அடித்துக்கொண்டு காலனிக்கு ஓடி வந்தாள். தம்பிக்காரன் வாசலில் உட்கார்ந்து பல் விளக்கிக்கொண்டிருந்தான். அடக்கம் முடிகிற வரைக்கும் பொறுத்திருந்து அவள் என்னைத் திட்டிய திட்டை இங்கே எழுத முடியாது. அதற்குப் பிறகு பத்து வருஷம் என் பெயர் ரெட்டைச் சாவு பீட்டர். அந்தத் தப்பை நினைத்தால் இன்றைக்கும் எனக்குக் காது சுடும்.

அதே வருஷம் ஞானதாஸ் ஓட்டல் வேலையை விட்டுவிட்டு சினிமா ஸ்டுடியோவில் கீபோர்டு வாசிக்கப் போனார். அங்கேதான் உண்மையான தலைவலி ஆரம்பித்தது. "அவரு படத்துக்கு மூசிக் போட்றாருண்ணா" என்று மார்த்தாள் சொன்னாள். வாசிக்கிறாரா, போடுகிறாரா என்று கேட்டேன். போடுகிறார் என்றாள். பெரிய இசையமைப்பாளர்கள் பாட்டுக்கு மெட்டுப் போட்டுவிட்டுப் போய்விடுவார்களாம், படத்துக்குள் வருகிற பின்னணி இசையை இவர் மாதிரி ஆட்கள் உட்கார்ந்து செய்வார்களாம், திரையில் பெயர் வராதாம். வந்ததே கோபம் எனக்கு. முழுப் பூசணிக்காயை எத்தனை நாள் சோற்றில் மறைக்க முடியும்? காஞ்சிபுரம் தியேட்டரில் இவர் வேலை செய்ததாக அவள் சொன்ன படங்களுக்கெல்லாம் போய், ஆரம்பத்தில் ஓடுகிற பெயர்களை ஒன்று விடாமல் படித்தேன். மீட்டரில் ஓடுகிற எண்ணைப் பார்த்துப் பழகிய கண் என்னுடையது, ஒரு எழுத்துத் தப்பாது. சமையல்காரர் பெயர் வந்தது. வண்டி ஓட்டியவர் பெயர் வந்தது. ஞானதாஸ் வரவில்லை.

அந்தப் படங்களில் ஒன்று மட்டும் என்னைச் சாய்த்துவிட்டது. தொண்ணூற்று ஏழில் வந்தது. மகன் வெளியூரிலிருந்து பஸ்ஸில் வருகிறான், அதற்குள் அம்மா செத்துவிட்டாள். வசனமே கிடையாது. பியானோவில் தடித்த குரலுள்ள ஒரே ஒரு கட்டை மட்டும் விட்டு விட்டு விழும். அவன் தெருவில் நடந்து வருவான், அது விழும். வாசலில் செருப்பைக் கழற்றுவான், அது விழும். அம்மா முகத்தைப் பார்க்கிற நேரத்தில் அதோடு வயலின் சேரும். நான் மூன்று தரம் பார்த்தேன், மூன்று தரமும் துண்டைக் கடித்துக்கொண்டு அழுதேன். இன்றைக்கும் டிவியில் அந்த இடம் வந்தால் திலகா என்னைப் பார்க்காத மாதிரி எழுந்து சமையலறைக்குப் போய்விடுவாள். அந்த வருஷம் கிறிஸ்துமஸ் சாப்பாட்டில் ஞானதாஸைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு சொன்னேன்.

"மாப்ள, இத்தான் மூசிக்கு. ஒத்த கட்டைய வச்சிகினு மனுசன் உசுர உருவுறாரு பாரு. நீயும்தான் பத்து வெரலாலயும் அட்சிகினு கீற."

அவர் எலும்பைக் கடிப்பதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "மெய்யாலுமே நல்லா கீதா மச்சான்?"

"பின்ன? அவுரு பெரியாளுய்யா."

"சரி" என்றார். மார்த்தாள் கரண்டியைக் குழம்புச் சட்டியில் நங்கென்று போட்டுவிட்டு உள்ளே போனாள். அவளுக்குப் புருஷனைச் சொன்னால் பொறுக்காது என்று விட்டுவிட்டேன்.

இரண்டாயிரத்து ஆறில் ஒரு படத்துக்கு இவர் பெயரையே இசையமைப்பாளராகப் போட்டு நோட்டீஸ் அடித்துக் கொண்டுவந்தார்கள். அந்தப் படம் கடைசிவரைக்கும் வெளிவரவில்லை. வராத படத்துக்கு நோட்டீஸ் யார் வேண்டுமானாலும் அடிக்கலாம், காஞ்சிபுரத்தில் தெருவுக்கு ஒரு அச்சாபீஸ் இருக்கிறது.

இரண்டாயிரத்துப் பத்தொன்பதில் சென்னை வீட்டைக் காலி செய்துகொண்டு இரண்டு பேரும் காலனிக்கே திரும்பி வந்தார்கள். மினி லாரியில் தார்ப்பாய் மூடிய பெரிய பெட்டி ஒன்று. காலனிக்கு வண்டி வர வேண்டுமென்றால் ஊர்த் தெரு வழியாகத்தான் வர வேண்டும். அங்கே பண்ணை வீட்டுத் தினகரன் வண்டியை மறித்தார்.

"இன்னாய்யா பொட்டி இது? கோயிலு செல கில ஏத்தினு போறியா?"

"பியானோங்க."

"எங்க, வாசி பாக்கலாம்."

ஞானதாஸ் லாரிமேல் ஏறி, தார்ப்பாயை விலக்கி, நின்றபடியே பத்து நிமிஷம் வாசித்தார். அவருடைய வழக்கமான வாசிப்புதான். தினகரன் கடைசிவரைக்கும் கேட்டுவிட்டு, வண்டிக்கு வழிகாட்டப் போயிருந்த என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "பீட்டரு, வாசிக்கத் தெரிஞ்சவன் இப்டியா வாசிப்பான்? இத்த எங்கியோ அட்சினு வந்துகீறான்யா." ஊருக்கும் காலனிக்கும் நடுவில் ஆயிரம் சங்கதி உண்டு. அன்றைக்கு இந்த ஒரு சந்தேகத்தில் மட்டும் எங்கள் இரண்டு பேருக்கும் ஒத்துப்போயிற்று, அதை வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன்.

இப்போது மலருக்கு வருகிறேன். போன வருஷம் கடைசியில் மார்த்தாள் என் வீட்டுக்கு வந்தாள்.

"அண்ணா, அவரப் பத்தியும் ஒரு பக்கம் எய்து. சினிமாவுக்கு மூசிக் போட்டவர்னு எய்து."

"எந்தப் படம்? பேரச் சொல்லு, இப்பவே எய்துறேன்."

"சொல்ல முடியாதுண்ணா. வாக்கு குட்த்துகீறாரு."

"யாருக்கு?"

"அத்தயும் சொல்ல முடியாது."

"சொல்ல முடியாத படம், சொல்ல முடியாத ஆளு. இதுக்கு நம்ம ஊர்ல இன்னா பேரு தெர்யுமா? புளுகு."

அவள் அழவில்லை. அழுதிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். "முப்பத்தேழு வருசமா இந்தக் காலனி என்னப் பாத்து சிரிக்குது. மூசிக்காரு பொண்டாட்டி வரா, புளுகாண்டி பொண்டாட்டி வரான்னு. மொதல்ல சிரிச்சது நீதாண்ணா. நான் அவுருக்கோசரம் கேக்கல. நான் சாவறதுக்கு முன்னாடி, எம் புருசன் பொய் சொல்லலன்னு ஒரு எடத்துலயாவது அச்சுல பாக்கணும். அவ்ளோதான்."

நான் ஒரு வரி எழுதிக் காட்டினேன். 'திரு. ஞானதாஸ், கீபோர்டு வாசிப்பவர்.' அவள் தாளைத் திரும்ப என் மேஜையில் வைத்துவிட்டுப் போய்விட்டாள். அதற்குப் பிறகு ஒரு மாதம் என்னோடு பேசவில்லை.

ஜனவரியில் அந்தப் பியானோவைச் சரிபார்க்கச் சென்னையிலிருந்து ஒருவர் வந்தார். காலனிக்கு வந்த நாளிலிருந்து அதில் ஊமையாக இருந்த தடித்த கட்டைகளுக்குப் புதுக் கம்பி போட்டுவிட்டுப் போனார். அடுத்த செவ்வாய்க்கிழமை அம்மாவின் நினைவு நாள். காலையில் கல்லறைத் தோட்டத்துக்குப் போய்ச் சிலுவைக்கு மாலை போட்டுவிட்டு வந்து உட்கார்ந்தேன். மணி பதினொன்று இருக்கும். ஒரு அடி விழுந்தது. ஒலி அடங்கியதும் இன்னொரு அடி.

யார் என்று கேட்டுக்கொண்டே தெருவுக்கு வந்தேன். எல்லா வீட்டுக்காரர்களும் வாசலில் நின்று விரலை மடக்கிக்கொண்டிருந்தார்கள். ஆலயத்துப் பக்கம் ஓடினால் தண்டவாளத் துண்டு சும்மா தொங்குகிறது, அடியில் நாய் ஒன்று படுத்திருக்கிறது. சத்தம் மார்த்தாள் வீட்டிலிருந்து வருகிறது. ஏரிக்கரையில் நூறு நாள் வேலை செய்துகொண்டிருந்தவர்கள் மண்வெட்டியைப் போட்டுவிட்டுக் கும்பலாக வந்துவிட்டார்கள். முன்னால் செவ்வந்தி. அவளுக்கு இப்போது அறுபது தாண்டிவிட்டது.

"இருவத்தி மூணுடா!" என்று என்னைப் பார்த்துக் கத்தினாள். "இருவத்தி மூணுல நின்னுச்சு. அப்பால சட்டு சட்டுனு ரெண்டு. இப்ப மறுக்கா மொதல்லேர்ந்து வருது. டேய் பீட்டரு, இது உன் அடிடா! உங்கம்மா சாவுக்கு நீ அட்ச அடி!"

கும்பல் சிரித்தது. எனக்கு உச்சந்தலைக்கு ஏறிவிட்டது. செருப்போடு வீட்டுக்குள் போனேன். "யோவ், எங்கம்மா சாவ வச்சி வெளயாட்றியா? அவ நெனவு நாளுல ஊரக் கூட்டி என்னக் கேவலப்படுத்துறியா?"

ஞானதாஸ் திரும்பவில்லை. ஒரு விரல் மட்டும் அந்தக் கட்டைமேல் இருந்தது. மார்த்தாள் குறுக்கே வந்து என் மார்பில் கை வைத்தாள். "நான்தான் வாசிக்கச் சொன்னேன். எங்கம்மாவுந்தான் அவ. நீ கணக்கு எடுக்கிறவன்தான? எதுவும் பேசாத. எண்ணு."

எண்ணினேன். வேறு என்ன செய்ய? எட்டு, ஒன்பது, பத்து. பதினொன்று விழுந்ததும் என் கை தானாக மேல்துண்டைத் தேடிப் போயிற்று. கண்ணில் நீர் முட்டியது. இப்போது வயலின் வர வேண்டும் என்று மனசு காத்துக்கொண்டிருந்தது.

வரவில்லை. அந்த வீட்டில் வயலின் ஏது? நான் ஏன் வயலினுக்குக் காத்திருந்தேன்?

நேராக என் வீட்டுக்கு வந்தேன். போனை எடுத்து அந்தப் படத்தைத் தேடி, அந்த மகன் பஸ்ஸைவிட்டு இறங்குகிற இடத்தில் வைத்தேன். விரல் மடக்கி எண்ணினேன். இருபத்து மூன்று. நிற்கிறது. அவன் செருப்பைக் கழற்றுகிறான். சட்டென்று இரண்டு. மறுபடி ஒன்றிலிருந்து வருகிறது. பதினொன்றில் அம்மா முகம், வயலின். சந்தேகமாக இருக்கிற மீட்டரை மூன்று தரம் பார்ப்பது என் வழக்கம். மூன்று தரம் பார்த்தேன். மூன்று தரமும் அதே எண்.

"இன்னாய்யா எண்ணிகினு கீற?" என்றாள் திலகா.

"ரீடிங்கு" என்றேன்.

அப்போதும் என் புத்தி விடவில்லை. படத்தைப் பார்த்து இவர் திருடி வாசிக்கிறாரோ? அப்படியானால் படத்துக்குள் என் இருபத்து மூன்று எப்படிப் போயிற்று? நான் அடித்தது தொண்ணூற்று மூன்றில், படம் வந்தது தொண்ணூற்று ஏழில். அந்தப் பெரிய இசையமைப்பாளர் எங்கள் காலனிப் பக்கம் வந்தவரில்லை. எங்கள் சபையில் வேறு யாரும் ஸ்டுடியோ வாசலை மிதித்ததில்லை. புளியமரத்தடியிலும் ஸ்டுடியோவிலும் இரண்டு இடத்திலும் நின்ற ஆள் ஒருவர்தான். எந்தப் பக்கம் ஒயரை இழுத்துப் பார்த்தாலும் ஒரே கம்பத்தில்தான் போய் நின்றது.

இருபத்தேழு வருஷம் துண்டைக் கடித்துக்கொண்டு நான் அழுதது என் அம்மாவுக்காக. அது தெரியாமலே அழுதிருக்கிறேன். அதைச் செய்த ஆளின் மூஞ்சிக்கு நேரே, அதையே காட்டி, அவரை மட்டம் தட்டியிருக்கிறேன். அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை.

மறுநாள் காலையில் போனேன். ஞானதாஸ் வாசலில் உட்கார்ந்து முருங்கைக் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நானும் உட்கார்ந்து ஒரு கொத்தை எடுத்துக்கொண்டேன். மார்த்தாள் உள்ளே தாளித்துக்கொண்டிருந்தாள்.

"என் தப்ப என்னக் கேக்காம எட்த்துகினியே மாப்ள" என்றேன். எனக்கு முதலில் வந்தது அதுதான். மன்னிப்பு அல்ல.

"கேட்டா குட்த்திருப்பியா?"

"மாட்டன்."

"அத்தான் கேக்கல" என்றார். கீரையை உதறினார். "மூணு நாளா அந்த சீனுக்கு இன்னா வாசிச்சாலும் சரியா வர்ல மச்சான். தாளத்துக்குன்னு காதுல டிக்கு டிக்குனு ஒண்ணு வுடுவாங்க. அத்தக் கயட்டி வச்சிட்டேன். உங்கம்மா சாவு ஞாபகம் வந்துச்சு. ஜெர்மனில தாளத்த வுட்டுட்டு வாசிக்கிறவங்களோட ஆறு மாசம் வாசிச்சேன். அவங்கள்லாம் தெரிஞ்சி வுட்டாங்க. நானும் தெரிஞ்சிதான் வுட்டேன். நீ தெரியாம வுட்ட. அத்த மாதிரி இன்னிக்கி வரிக்கும் எனக்கு வர்ல. அதனால ஒண்ணக் கூட மாத்தல, அப்டியே வச்சேன்."

"படத்து பேர மலர்ல போட்றேன் மாப்ள. எண்ணிப் பாக்கச் சொல்றேன், எவன் இல்லன்னு சொல்லுவான்?"

"வேணாம் மச்சான். அந்தாளு கேட்டாரு, நான் சொல்ல மாட்டன்னேன்."

"எய்தி கிய்தி வாங்கினாரா?"

"இல்ல. எய்தி வாங்கியிருந்தா கியிச்சிப் போட்ருப்பேன். வாய் வார்த்த மச்சான், அத்த எப்டிக் கியிக்கிறது?"

நான் இன்னொரு கொத்தை எடுத்துக்கொண்டேன். அவர் உள்பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தணித்தார். "இருவத்தி மூணுல நீ ஏன் நின்னன்னு உன் தங்கச்சிக்கு இன்னும் தெர்யாது. அத்தயும் நான் யார்கிட்டயும் சொல்லல."

என் கையிலிருந்த கீரை கீழே விழுந்தது.

இப்போது நானே சொல்கிறேன். கண் மறைத்ததால் நான் நிற்கவில்லை. சம்மட்டியை ஓங்கும்போதுதான் தோன்றியது, எங்கே நிறுத்துவது என்று எனக்குத் தெரியாது. என் அம்மாவின் வயசு எனக்குத் தெரியாது. பிறந்த சீட்டு கிடையாது, பள்ளிக்கூடம் போனவள் இல்லை, ஞானஸ்நானம் வாங்கியது கல்யாணத்துக்குப் பிறகு. தாலுகா முழுக்க வீடு வீடாகப் போய் எண் கேட்டவன், பெற்றவளிடம் ஒரு நாளும் கேட்டதில்லை. வயல் முழுக்க எண்ணிக்கொண்டிருக்கிறது, நான் விழித்துக்கொண்டு நிற்கிறேன். கை தவறித்தான் அந்த இரண்டு அடி பட்டது. அப்போது ஞானதாஸ் என் காதருகே வந்து சொன்னார்: "அறுவத்தி நாலுன்னு அடி மச்சான். மொதல்லேர்ந்து அடி." எப்படித் தெரியும் என்று நான் கேட்கவில்லை. அடித்தேன். சிலுவையிலும் அதையே பொறித்தேன். முப்பத்தொரு வருஷமாக அந்த மனிதர் அதை வாய்க்குள்ளேயே வைத்திருக்கிறார். அப்படிப்பட்டவர் இன்னொருவருக்குக் கொடுத்த வாக்கையும் காப்பாற்றத்தான் செய்வார். இதைப் படித்துவிட்டு அந்தப் படம் எது என்று நீங்கள் கண்டுபிடித்தால், அதை உங்களோடு வைத்துக்கொள்ளுங்கள்.

மலர் ஈஸ்டருக்கு வந்துவிட்டது. ஆலய வாசலிலேயே மார்த்தாள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முப்பத்தொன்றாம் பக்கத்தைப் புரட்டினாள். செவ்வந்திக்குப் படிக்கத் தெரியாது, அதனால் சத்தமாகவே படித்தாள்:

'திரு. ஞானதாஸ், திரைப்பட இசையமைப்பாளர். இதற்கு ஆதாரம் கேட்பவர்கள் செயலாளர் பீட்டரிடம் வரவும். அவரிடம் ஆதாரம் இல்லை. அவருடைய தாயார் சிட்டம்மாளின் சிலுவையில் வயது அறுபத்து நான்கு என்று இருக்கிறது. அதற்கும் அவரிடம் ஆதாரம் இல்லை. இரண்டும் உண்மை.'